தவளேஸ்வரத்துக் காட்சிசாலையும் நமது பவானியும்

மியூஸியம் என்ற பெயரைக் கேட்டாலே நம்மவர்களில் பலருக்குக் கொட்டாவி வந்துவிடுகிறது. சென்னைவாசிகள் ஒரு காலத்தில் எழும்பூர் மியூஸியத்தைச் "செத்த காலேஜ்" என்றும், மிருகக்காட்சி சாலையை "உயிர் காலேஜ்" என்றும் சொல்லி வந்தார்கள். அந்தப் பெயரில் கேலி இருந்தாலும் கொஞ்சம் உண்மையும் இருந்தது. காலேஜ் என்றால் அங்கே பாடம் நடக்க வேண்டும் அல்லவா? செத்த பொருள்களும் பாடம் சொல்லும் என்பதைச் சென்னை ஜனங்கள் அறிந்துதான் வைத்திருந்தார்கள்.

நமது மேட்டுப்பாளையத்திலும் அத்தகைய சின்னஞ்சிறு காலேஜ் ஒன்று உண்டு. ரயில் நிலையத்தில் நீலகிரி மலை ரயிலின் சரித்திரத்தைச் சொல்லும் காட்சிசாலை அது. 1873-ல் இந்த ஊருக்கு ரயில் வந்தது. 1899-ல் பல்சக்கரம் பூட்டிய எஞ்சின் இங்கிருந்து குன்னூர் வரையில் ஏறிற்று. 1908-ல் உதகமண்டலத்தை எட்டிற்று. 2005-ல் யுனெஸ்கோ ஸ்தாபனம் அந்த ரயிலை உலகப் பாரம்பரியச் சின்னங்களில் ஒன்றாகச் சேர்த்தது. இவ்வளவு பெருமை படைத்த ரயிலுக்குக் காட்சிசாலை அமைத்தது மிகவும் நியாயமே.

ஆனால், அந்த நிலையத்திலிருந்து சற்றுத் தூரம் நடந்தால் பவானி ஓடிக்கொண்டிருக்கிறாள். ரயில் வந்து நூற்றைம்பது வருஷந்தான் ஆகிறது. பவானியோ, இந்த ஊர் என்று ஓர் ஊர் ஏற்படுவதற்கு முன்பே இங்கே ஓடியவள். அவளுக்கு ஒரு காட்சிசாலை இல்லை.

இதைப் பற்றி ஒருநாள் மாலை நம் நண்பர் ஒருவரிடம் பேசிக்கொண்டிருந்தோம். நண்பர் உருளைக்கிழங்கு மண்டி வைத்திருப்பவர். சாமான் எங்கிருந்து வருகிறது, என்ன கட்டணத்தில் வருகிறது என்பதைத் தவிர உலகத்தில் வேறு சரித்திரம் கிடையாது என்பது அவருடைய கொள்கை. அவர் கேட்டார்:

"ஏனுங்க வாத்தியாரய்யா, ரயிலுக்கு மியூஸியம் இருக்குதுங்க. ஆத்துக்கும் வாய்க்காலுக்கும் எங்கியாச்சும் மியூஸியம் இருக்குதுங்களா?"

"இருக்கிறது. கோதாவரிக் கரையில், தவளேஸ்வரத்தில்."

"அப்படின்னா ஒரு நடை போயிப் பார்த்துட்டு வந்தர்லாமுங்க."

இவ்வாறாக, கோடை விடுமுறையில் நமது கோதாவரி யாத்திரை ஏற்பட்டது.

கோதாவரிக் கரையில்

ராஜமகேந்திரவரம் என்று இன்று வழங்கும் ராஜமுந்திரிக்குத் தெற்கே சில மைல் தூரத்தில் இருக்கிறது தவளேஸ்வரம். அங்கே கோதாவரியைப் பார்த்த நம் நண்பர் சிறிது நேரம் வாய் திறக்கவில்லை. பவானியையும் காவேரியையும் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அது ஆறாகத் தோன்றாது; கடலின் ஒரு துண்டு என்றே தோன்றும். கரைக்குக் கரை ஏறக்குறைய நான்கு மைல். நடுவே தீவுகள். அந்தத் தீவுகளைத் தொட்டுத் தொட்டு, தவளேஸ்வரம், ராலி, மத்தூர், விஜ்ஜேஸ்வரம் என்று நான்கு பகுதிகளாக அணை செல்கிறது. இப்போது நாம் காண்பது 1970-க்குப் பின் கட்டத் தொடங்கி, 1982-ல் முடிந்த புதிய அணை. 175 மதகுக் கதவுகள் கொண்டது. அதற்கு முன் அங்கே இருந்த பழைய அணைக்கட்டு 1847-ல் தொடங்கி 1852-ல் முடிந்தது. அதைக் கட்டுவித்தவர் ஆர்தர் காட்டன் என்னும் ஆங்கிலேய எஞ்சினீயர். காட்சிசாலை அவர் பெயரால் அமைந்தது.

பெரிய மாளிகையை எதிர்பார்த்துப் போகிறவர்கள் ஏமாந்து போவார்கள். பழங்கால வீடு போன்ற எளிய கட்டடம். முற்றத்தில், அணை வேலைக்குப் பயன்பட்ட பழைய இயந்திரங்கள் ஓய்வெடுத்துக் கொண்டிருக்கின்றன. உள்ளே படங்கள், வரைபடங்கள், அணையின் மாதிரி உருவங்கள். ஒரு மணி நேரத்தில் சுற்றி வந்துவிடலாம். ஆனால், ஒவ்வொன்றின் முன்னும் நின்று, "இது எதற்கு? இது எப்படி?" என்று கேட்கத் தொடங்கினால் ஒரு பகல் போதாது.

காட்டனுடைய உருவத்தைப் பார்த்ததும் நம் நண்பருடைய முகம் சுருங்கிற்று. அந்த மாவட்டத்துக் கிராமங்களில் இவருக்குப் பல சிலைகள் உண்டு. ஒவ்வொரு மே மாதம் 15-ந் தேதியும், இவர் பிறந்த நாளென்று, குடியானவர்கள் மாலை சூட்டுகிறார்கள். இவரைப் பகீரதனுக்கு ஒப்பிட்டு வடமொழியில் சுலோகம்கூட உண்டு. இதையெல்லாம் கேட்ட நண்பர் சொன்னார்:

"எங்க பாட்டன் வெள்ளைக்காரனை வெளியே போன்னு சொல்லி ஜெயிலுக்குப் போனவருங்க. இங்கே என்னடான்னா வெள்ளைக்காரனுக்கு மாலை போடறாங்களே!"

நியாயமான கேள்வி. சுயராஜ்யம் அடைந்த ஒரு தேசத்தில் ஒவ்வொருவரும் கேட்க வேண்டிய கேள்வியுங்கூட. இதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால், கோதாவரியை விட்டுச் சற்றுநேரம் நம் காவேரிக்குப் போகவேண்டும்.

கல்லணை கற்பித்த பாடம்

ஆர்தர் காட்டன் 1803-ல் பிறந்தார். 1821-ல், பதினெட்டு வயதில், சென்னை ராஜதானிக்கு எஞ்சினீயராக வந்தார். அப்போது தஞ்சை ஜில்லா ஒரு பேராபத்தில் இருந்தது. திருச்சிராப்பள்ளிக்கு மேற்கே காவேரி இரண்டாகப் பிரிகிறது அல்லவா? அவற்றுள் கொள்ளிடத்தின் படுகை தாழ்ந்தது. தண்ணீர் பள்ளத்தைத்தானே நாடும்? வருஷா வருஷம் வெள்ளம் கொள்ளிடத்தில் இறங்கி வீணே கடலுக்குப் போயிற்று. காவேரியிலோ மணல் மேடிட்டுக்கொண்டே வந்தது. இப்படியே விட்டால் சோழநாடு சோறுடைத்து என்ற பெயர் பழங்கதையாகிவிடும் என்ற நிலை. 1836-ல் முக்கொம்பில் மேலணையும், கொள்ளிடத்தின் கீழ்ப்புறத்தில் கீழணையும் காட்டனுடைய திட்டப்படி எழுந்தன. காவேரி பிழைத்தது.

ஆனால் ஆழம் காண முடியாத மணலில் அணை நிற்பது எப்படி? பாறை கண்ட இடத்தில் அஸ்திவாரம் போடத்தான் ஐரோப்பிய சாஸ்திரம் அவருக்குக் கற்பித்திருந்தது. மணலில் போடும் வித்தையைக் கற்பித்தது கல்லணை. பெருங்கற்களை மணல்மீது போட்டார்கள் நம் முன்னோர். கல் மணலில் அமிழ்ந்தது. அதன்மேல் மேலும் கல் போட்டார்கள், அதுவும் அமிழ்ந்தது. இனி அமிழாது என்று கற்குவியல் நிலைகொண்டதும் அதன்மேல் அணையை எழுப்பினார்கள். மணலோடு சண்டை போடாமல் மணலையே பீடமாக்கிக் கொண்ட வித்தை இது. இதை இந்த நாட்டு மக்களிடமிருந்தே கற்றுக்கொண்டதாகக் காட்டன் பின்னாளில் ஒளிவு மறைவின்றி எழுதினார். காவேரியில் கற்ற அந்தப் பாடத்தைத்தான் அவர் கோதாவரிக்கு எடுத்துச் சென்றார்.

கோதாவரி ஜில்லாவின் நிலைமை அப்போது பரிதாபகரமாக இருந்தது. 1833-ல் அண்டையிலுள்ள குண்டூர்ச் சீமையைத் தாக்கிய பஞ்சத்தில், ஐந்து லட்சம் ஜனங்களில் இரண்டு லட்சம் பேர் மாண்டார்கள் என்று கணக்குச் சொல்கிறது. இத்தனைக்கும் பக்கத்தில் ஆண்டு முழுவதும் ஆறுகள் கடலுக்கு ஓடிக்கொண்டிருந்தன! 1847-ல் சுமார் பதினாயிரம் கூலியாட்களும், ஐந்நூறு தச்சர்களும், ஐந்நூறு கொல்லர்களுமாக வேலை தொடங்கிற்று. வீணம் வீரன்னா என்னும் ஆந்திரர் காட்டனுக்கு வலக்கையாக நின்றார். ஐந்து வருஷங்களில் அணை முடிந்தது. இன்று கோதாவரி டெல்டாவில் ஏறக்குறைய பத்து லட்சம் ஏக்கர் பாசனம் பெறுகிறது.

ஆகவே நம் நண்பருக்கு நாம் சொன்ன பதில் இதுதான்: "அந்த மாலையில் ஒரு பூ காட்டனுக்கு. ஒரு பூ வீரன்னாவுக்கு. ஒரு பூ கல்லணை கட்டிய பெயர் தெரியாத கொத்தனுக்கு. மீதிப் பூக்களெல்லாம் மண் சுமந்த பதினாயிரம் பேருக்கு. எஞ்சினீயருடைய படம் மட்டும் சுவரில் மாட்டியிருப்பதால் மற்றவர்கள் இல்லையென்று ஆகிவிடாது."

நண்பர் தலையை அசைத்தார். ஆனால் முழுச் சமாதானம் அடைந்ததாகத் தெரியவில்லை.

படகுக்கு ஒரு படிக்கட்டு

அவருடைய மனத்தைக் கவர்ந்தது வேறொரு விஷயம். பாசன வாய்க்கால் என்றால் நமக்கு வயலுக்குத் தண்ணீர் போகும் வழி, அவ்வளவுதான். கோதாவரி வாய்க்கால்களோ தண்ணீரும் போகும் வழி. படகும் போகும் வழி. ஒரே செலவில் இரண்டு பயன்.

ஆனால் வாய்க்கால் மேட்டிலிருந்து பள்ளத்துக்கு இறங்கும் இடத்தில் படகு என்ன செய்யும்? அதற்காகவே "லாக்கு" என்னும் அமைப்பு. ஆந்திர ஜனங்கள் இதை "லாகுலு" என்கிறார்கள். வாய்க்காலின் குறுக்கே, சிறிது இடம் விட்டு, இரண்டு ஜோடிக் கதவுகள். நடுவே ஒரு தொட்டி. மேலிருந்து வரும் படகு தொட்டிக்குள் நுழைந்ததும் மேல் கதவை மூடிவிடுகிறார்கள். பிறகு கீழ்ப்புறத்துச் சிறு மதகைத் திறந்தால் தொட்டித் தண்ணீர் மெள்ள மெள்ள வடிகிறது. படகும் அதனுடன் இறங்குகிறது. கீழ் வாய்க்காலின் மட்டத்துக்கு வந்ததும் கீழ்க்கதவைத் திறந்தால் படகு தன் வழியே போய்விடும். ஏற வேண்டுமானால் இதையே தலைகீழாகச் செய்ய வேண்டும். எஞ்சின் இல்லை, எண்ணெய் இல்லை. தண்ணீரே படகைத் தூக்குகிறது, தண்ணீரே இறக்குகிறது.

"மலை ரயிலுக்குப் பல்சக்கரம்; படகுக்கு இதுங்களா?" என்றார் நண்பர். மேட்டுப்பாளையத்துக்காரருக்கு இதைவிடச் சுலபமாக யாரும் விளக்க முடியாது!

அடுத்தபடி அவருடைய வியாபார புத்தி வேலை செய்யத் தொடங்கிற்று. "வாடகை என்னங்க ஆகும்?" என்றார்.

பதில் சொன்னோம். தரையில் ஒரு டன் பாரத்தை இழுக்கத் திணறுகிற குதிரை, நின்ற தண்ணீரில் முப்பது டன் ஏற்றிய படகை இழுத்துச் செல்லும். இங்கிலாந்தில் பிரிட்ஜ்வாட்டர் கால்வாய் 1761-ல் திறந்தபோது மாஞ்செஸ்டரில் நிலக்கரியின் விலை பாதியாகக் குறைந்தது. அமெரிக்காவில் ஆல்பனியிலிருந்து பபலோ வரையில் 363 மைல் நீளத்துக்கு வெட்டிய ஈரி கால்வாய் 1825-ல் திறந்தது. அதற்குமுன் ஒரு டன் சாமானைக் கொண்டுபோக நூறு டாலர் ஆயிற்றாம். பிறகு அது பத்து டாலர் அளவுக்கு இறங்கிவிட்டது. நியூயார்க் அமெரிக்காவின் தலைசிறந்த துறைமுகமானதற்கு இந்தக் கால்வாய் ஒரு முக்கிய காரணம்.

நண்பர் பெருமூச்சு விட்டார். "ஆக்ராவிலிருந்து கிழங்கு வர்றப்போ, சில நாளைக்குக் கிழங்கு வெலையைக் காட்டிலும் லாரி வாடகை பெரிசாப் போயிருதுங்க. குடியானவனுக்கும் கிடைக்கறதில்லை, தின்கிறவனுக்கும் மிச்சமில்லை" என்றார்.

காக்கிநாடாவிலிருந்து சென்னைக்கு

கோதாவரி வாய்க்கால் கிருஷ்ணா வாய்க்காலோடு சேர்ந்தது. கிருஷ்ணா வாய்க்கால் தெற்கே பக்கிங்ஹாம் கால்வாயோடு சேர்ந்தது. இதனால் காக்கிநாடாவில் ஏற்றிய சாமான், கடலைக் காணாமலே விஜயவாடா, நெல்லூர் வழியாகச் சென்னைக்கு வரும். அதற்கும் தெற்கே மரக்காணம் வரை போகும்.

பக்கிங்ஹாம் கால்வாயின் கதையும் பஞ்சத்தோடு பிணைந்ததே. 1806-ல் சென்னைக்கும் எண்ணூருக்கும் இடையில் உப்பும் விறகும் கொண்டுவருவதற்காக அது தொடங்கிற்று. சிறிது சிறிதாக வடக்கிலும் தெற்கிலும் நீண்டது. 1876 முதல் 1878 வரை சென்னை ராஜதானியை வாட்டிய தாது வருஷத்துப் பஞ்சத்தில், கூலிக்குக் கையேந்தி நின்ற ஏழை ஜனங்களைக் கொண்டு, கூவத்துக்கும் அடையாற்றுக்கும் இடையே சுமார் ஐந்து மைல் வெட்டினார்கள். அப்போதைய கவர்னரின் பெயர் கால்வாய்க்கு ஏற்பட்டது. வெட்டியவர்களுடைய பெயர் எங்கும் இல்லை. மொத்தம் 420 கிலோமீட்டர். அதில் 163 நம் தமிழ்நாட்டில். பாய் விரித்தும், கழி ஊன்றியும், கரையில் நடந்தபடி கயிற்றால் இழுத்தும் படகோட்டிகள் நெல்லும், உப்பும், சவுக்கு விறகும், சுண்ணாம்புக் கிளிஞ்சலும் கொண்டுவந்தார்கள்.

1965, 1966-ஆம் வருஷங்களில் அடித்த புயல்கள் கால்வாயைச் சிதைத்தன. படகுப் போக்குவரத்து மங்கி மறைந்தது. சென்னை நகருக்குள் அது சாக்கடையாயிற்று. பிறகு பறக்கும் ரயிலுக்கான தூண்களை அதன் மடியிலேயே ஊன்றினார்கள். கால்வாய்மேல் ரயில் ஏறி உட்கார்ந்துகொண்டது என்பது உவமையாகச் சொன்னதன்று. மயிலாப்பூர் பக்கம் போனவர்கள் கண்ணாலேயே காணலாம். ஆனாலும் 2004 டிசம்பர் 26-ந் தேதி ஆழிப்பேரலை பொங்கி வந்தபோது, ஆந்திரக் கடற்கரையிலும் சென்னையைச் சார்ந்த கடற்கரையிலும் பல இடங்களில் இந்தக் கால்வாய் அலைநீரை வாங்கி அடக்கி, கரைக்கு உள்ளே இருந்த ஊர்களுக்கு அரணாக நின்றது. நாம் மறந்தாலும் அது நம்மை மறக்கவில்லை.

நம் ஊர் வழியே ஒரு நீர்ச்சாலை

தவளேஸ்வரத்திலிருந்து திரும்பியபின் சில பழைய நூல்களைப் புரட்டிப் பார்த்தோம். அப்போது கண்ட ஒரு செய்தி நம்மைத் தூக்கிவாரிப் போட்டது.

1878-ல், எழுபத்தைந்து வயதுக் கிழவராக, ஆர்தர் காட்டன் லண்டனில் பார்லிமெண்டுக் கமிட்டி ஒன்றின் முன் சாட்சி சொன்னார். தாது வருஷத்துப் பஞ்சத்தில் லட்சோப லட்சம் ஜனங்கள் மாண்ட துயரம் ஆறாத சமயம். அப்பஞ்சத்தில் நம் கோயமுத்தூர் ஜில்லாவும் கடுமையாக அடிபட்டது. கோதாவரி, கிருஷ்ணா டெல்டாக்களோ தாமும் பிழைத்துப் பிறருக்கும் தானியம் கொடுத்தன. இந்தியாவுக்கு முதலில் வேண்டியது நீர்வழியே என்று காட்டன் வாதாடினார். ரயில் கொண்டு போகும் சரக்குக்குக் கட்டணம் அதிகம். ஏழைத் தேசத்துக்கு அது கட்டாது. கால்வாயோ வயலுக்கும் பாயும், பாரமும் சுமக்கும் என்றார். மூன்று கோடிப் பவுன் செலவில் பெருந்தடங்கள் சிலவற்றைக் குறிப்பிட்டார். கங்கையில் ஏறிச் சிந்துவில் இறங்கிக் கல்கத்தாவையும் கராச்சியையும் இணைக்கும் தடம் ஒன்று. கோதாவரியில் ஏறித் தபதியில் இறங்கிக் காக்கிநாடாவையும் சூரத்தையும் இணைப்பது மற்றொன்று. துங்கபத்திரை வழியாகக் கார்வாருக்கு வேறொன்று. பொன்னானி ஆற்றில் ஏறி, பாலக்காடு, கோயமுத்தூர் வழியாகச் செல்வது இன்னொன்று!

நமது கொங்கு நாட்டின் வழியாக ஒரு நீர்ச்சாலை! இதே பாலக்காட்டுக் கணவாய் வழியாக 1862-லேயே ரயில் போய்விட்டது. அந்த ரயிலின் கிளைதான் பதினோரு வருஷம் கழித்து மேட்டுப்பாளையத்துக்கு வந்தது.

கமிட்டி காட்டனுடைய திட்டத்தை ஏற்கவில்லை. ரயில் கம்பெனிகளுக்கு நூற்றுக்கு ஐந்து வட்டி நிச்சயம் என்று ஏற்கனவே உறுதி கொடுத்திருந்தார்கள். லாபம் வந்தால் கம்பெனிக்கு. நஷ்டம் வந்தால் இந்தியக் குடியானவன் கொடுக்கும் வரியிலிருந்து ஈடு. இதை ரமேஷ் சந்திர தத் தம் பொருளாதாரச் சரித்திர நூலில் தெள்ளத் தெளிய எடுத்துரைத்தார். பத்தொன்பதாம் நூற்றாண்டு முடியும் வரையில் இந்திய ரயில்களுக்குச் சுமார் 22½ கோடிப் பவுன் செலவு. அதில் நம் தேசத்துக்கு நஷ்டம் மட்டும் சுமார் 4 கோடி. பாசன வேலைகளுக்கோ சுமார் 2½ கோடிதான்.

இருப்பினும் இங்கே ஒரு நியாயம் சொல்லவேண்டும். காட்டன் சொன்னதெல்லாம் வேதவாக்கல்ல. அவருடைய யோசனைப்படி ஏற்பட்ட சென்னைப் பாசனக் கம்பெனி வெட்டிய கர்நூல் – கடப்பைக் கால்வாய் எதிர்பார்த்த பலனைத் தரவில்லை. கம்பெனி நொடித்து, 1882-ல் சர்க்கார் அதனை விலைக்கு வாங்க நேர்ந்தது. கோயமுத்தூரோ கடல் மட்டத்துக்கு மேல் ஏறக்குறைய 1,350 அடி உயரத்தில் இருக்கிறது. படகை இவ்வளவு தூரம் ஏற்ற எத்தனை லாக்குகள் வேண்டும்! ஒவ்வொரு முறை கதவு திறக்கும்போதும் ஒரு தொட்டித் தண்ணீர் கீழே போகும். குடிதண்ணீருக்கே கிணற்றை ஆழமாக்கிக்கொண்டு போகும் கொங்கு நாட்டில் அத்தனை தண்ணீருக்கு எங்கே போவது? அந்த நீர்ச்சாலை வெட்டப்பட்டிருந்தால் வெற்றி பெற்றிருக்கும் என்று நாம் சத்தியம் செய்ய மாட்டோம். ரயிலால் நமக்கு நன்மையே இல்லை என்றும் சொல்ல மாட்டோம்.

நாம் சொல்வது வேறு. நமது மண்ணின் வழியே ரயில் போவதா, நீர் போவதா, இரண்டும் போவதா என்று தீர்மானித்த சபையில் நம் தேசத்தார் ஒருவர்கூட இல்லை. தாதாபாய் நௌரோஜி பார்லிமெண்டில் அடியெடுத்து வைத்தது 1892-ல்தான். நம்மைக் கேட்காமலே நம் வழி நிச்சயமாயிற்று. பொருள் நஷ்டத்தைவிட இந்த நஷ்டமே பெரிது. அதைவிடப் பெரிது, இப்படி ஒரு வழி பேச்சில் இருந்தது என்பதையே நாம் மறந்து போனது.

"எங்க பாட்டன் ஜெயிலுக்குப் போனது இதுக்குத்தானுங்களே!" என்றார் நண்பர், இந்தச் செய்தியைக் கேட்டதும். அவருடைய முந்திய சந்தேகம் அப்போதுதான் முழுதும் தீர்ந்தது.

காலிங்கராயனிலிருந்து இன்று வரை

நீர்வழி அமைக்கும் அறிவு நமக்கு அயலானதா? கொங்கு நாட்டார் அப்படிச் சொன்னால் நகைப்புக்கிடமாகும். மேட்டுப்பாளையத்தைத் தொட்டுச் செல்லும் இதே பவானி காவேரியோடு கலக்கும் இடத்துக்குச் சற்று முன்னால், பதின்மூன்றாம் நூற்றாண்டில், பாண்டியருடைய ஆட்சியில் அதிகாரியாயிருந்த காலிங்கராயன் ஓர் அணை கட்டினான். அங்கிருந்து சுமார் 56 மைல் தூரம் வாய்க்கால் வெட்டி நொய்யல் வரையில் கொண்டுபோனான். இன்றும் பதினையாயிரம் ஏக்கருக்குமேல் அதில் பாய்கிறது. பாம்பு போன தடத்தில் வெட்டியதால் வாய்க்கால் வளைந்து வளைந்து போகிறது என்று ஜனங்கள் கதை சொல்வார்கள். கதைக்குள்ளே கணக்கு இருக்கிறது: மேட்டையும் பள்ளத்தையும் அறிந்து, ஒரே சீரான வாட்டத்தைத் தேடிச் செல்லும் வாய்க்கால் வளைந்துதான் செல்லும். தை மாதம் 5-ந் தேதியைக் காலிங்கராயன் நாளாக ஈரோட்டுப் பக்கத்துக் குடியானவர்கள் கொண்டாடுகிறார்கள்.

அதற்கு மேலே கொடிவேரி அணையும், அதிலிருந்து பிரியும் தடப்பள்ளி, அரக்கன்கோட்டை வாய்க்கால்களும். சுயராஜ்யம் வந்தவுடன், 1948-ல் தொடங்கி 1955-ல் முடிந்தது பவானிசாகர் அணை. அதிலிருந்து செல்லும் கீழ்பவானி வாய்க்கால் 124 மைல் நீளம். இரண்டு லட்சம் ஏக்கருக்குமேல் பாசனம். 2024 ஆகஸ்டில் அத்திக்கடவு – அவினாசித் திட்டம் தொடங்கிற்று. காலிங்கராயன் அணைக்குக் கீழே மிகும் பவானி நீரை இறைத்து, குழாய் வழியே 1,045 குளங் குட்டைகளுக்குக் கொண்டு போகும் ஏற்பாடு அது. ஓர் ஆற்றில் எழுநூறு வருஷத்துக்குமேல் நடந்துவரும் வேலை இது!

படகு மட்டும் இல்லையே என்பீர்கள். அதுவும் உண்டு. சிறுமுகைக்கு அப்பால் லிங்காபுரம், காந்தவயல் ஜனங்களைக் கேட்டுப் பாருங்கள். பவானிசாகர் நீர் ஏறிப் பாலம் மூழ்கிய காலங்களிலெல்லாம் பள்ளிக்குப் போகும் பிள்ளைகளும், சந்தைக்குப் போகும் பெண்டிரும் பரிசலிலும் படகிலுந்தான் அக்கரை போய்வந்தார்கள். வேடிக்கைக்காக அல்ல, வேறு வழியில்லாமல்.

இன்னொரு விந்தையும் கேளுங்கள். 2016-ல் பார்லிமெண்டு செய்த சட்டம் 111 நீர்வழிகளைத் தேசிய நீர்வழிகள் என்று அறிவித்தது. அவற்றில் இருபதாவது எது தெரியுமா? பவானி ஆறு! காவேரியோடு கூடும் இடத்திலிருந்து பவானிசாகர் அணை வரையில் அது "தேசிய நீர்வழி 20". நடுவிலுள்ள அணைகளைத் தாண்டப் படகுக்கு ஒரு லாக்கும் கிடையாது. சரக்குப் படகு ஒன்றும் ஓடக் காணோம். பட்டம் வந்துவிட்டது, உத்தியோகம் வரவில்லை. ஆனால் இம்முறை தீர்மானித்தது லண்டன் அல்ல, நம் சபை. ஆற்றில் படகு விடுவதா, குடிதண்ணீருக்கே காப்பதா, கழிவு கலவாமல் தடுப்பதா என்று யோசித்துச் சொல்லும் உரிமையும் கடமையும் இப்போது நம்முடையவை. நம் ஆற்றின் சரித்திரம் அறியாமல் அதை எப்படிச் செய்வோம்?

ஓர் அறை போதும்

காலிங்கராயனுக்குச் சிலை உண்டு, மணிமண்டபம் உண்டு. மகிழ்ச்சியே. ஆனால் ஒரு பிள்ளை சிலையைப் பார்த்து, "யார்?" என்று தெரிந்துகொள்ளும், "எப்படி?" என்று தெரிந்துகொள்ளாது. தவளேஸ்வரத்துச் சிறு வீட்டில் அதுதான் கிடைக்கிறது. மணலில் கல் எப்படி நின்றது, படகு எப்படி ஏறியது, பஞ்சம் எப்படிப் போயிற்று என்பவை அங்கே கண்ணுக்கு முன் நிற்கின்றன.

மேட்டுப்பாளையத்தில் பவானிக்கும் அப்படி ஓர் அறை வேண்டும். கோடி ரூபாய் வேண்டாம். ஒரு சுவரில் நீலகிரியிலிருந்து கூடுதுறை வரை பவானியின் படம். அதில் எல்லா அணைகளும், எல்லா வாய்க்கால்களும். மற்றொரு சுவரில், 1878-ல் காட்டன் சொல்லி நடவாமற் போன நீர்ச்சாலை. ஒரு மேஜைமேல், தண்ணீர் ஊற்றினால் ஏறி இறங்கும் ஒரு லாக்கின் மாதிரி. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளே தகரத்தில் செய்துவிடலாம். ஒரு மூலையில் நம் பாட்டன்மார் கிணற்றில் இறைத்த கவலைச் சால், உருளை, வடக்கயிறு. காந்தவயல் பரிசல் ஒன்று. பவானி நீரை மாதம் ஒருமுறை கண்ணாடிப் புட்டியில் எடுத்து, தேதியிட்டு வரிசையாக வைத்தால், ஆறு தெளிகிறதா கலங்குகிறதா என்பதை எந்தப் பிரசங்கியும் சொல்ல வேண்டியதில்லை.

இதையெல்லாம் நண்பரிடம் சொன்னோம். அவர் வழக்கம்போலக் கணக்குப் போட்டார். மண்டிக்குப் பின்னால் பழைய கிட்டங்கி ஒன்று சும்மா கிடக்கிறதாம். மூட்டைகளை அகற்றி வெள்ளையடித்தால் ஆயிற்று என்றார். பிறகு கொஞ்சம் தயங்கி, "ஒண்ணு மட்டுமுங்க. மண் சுமந்தவங்க படம் ஒண்ணும் கிடைக்காதுங்களா? அதை முதல்ல மாட்டோணும்" என்றார்.

அவர்களுக்குப் படம் ஏது? ஒரு மண்வெட்டியையும் ஒரு கூடையையும் வாசலுக்கு நேரே, எல்லார் கண்ணிலும் படும்படி மாட்டிவிடலாம் என்று இருவரும் முடிவு செய்திருக்கிறோம். நேயர்களில் எவர் வீட்டிலாவது பரணில் பழைய கவலைச் சால் இருந்தால், விறகுக்கு வெட்டிவிடாமல் வைத்திருக்க வேண்டுகிறோம்.